0303.54: ஒரே குறியீட்டுக்குள் மூன்று மீன்கள்

போன மாதம் கல்லூரி நண்பன் ஒருவன் வாட்ஸப்பில் ஒரு பிடிஎஃப் அனுப்பினான். "டேய், நீதான் எதையாவது தோண்டிக்கிட்டே இருப்பியே, இதைக் கொஞ்சம் பார்த்துச் சொல்லு. முழுசா வாங்கலாமா?" ஜப்பானின் உறைமீன் சந்தை பற்றிய ஓர் அறிக்கையின் மாதிரிப் பக்கங்கள் அவை. முழு அறிக்கையின் விலை சில ஆயிரம் டாலர். நண்பன் தூத்துக்குடியில் ஒரு மீன் பதப்படுத்தும் ஆலையில் பங்குதாரராகச் சேர யோசித்துக்கொண்டிருந்தான். ஜப்பானுக்கு அனுப்புவதுதான் அவர்கள் திட்டம். இருபது வருடம் ஐடியில் உழைத்துச் சேர்த்த பணம் அதில் போகப்போகிறது. அதனால் "நல்லா இருக்குடா, வாங்கு" என்று ஒற்றை வரியில் முடித்துவிட மனசு வரவில்லை.

மூன்று வார இறுதிகளை இதற்குக் கொடுத்தேன். கீழே இருப்பது அந்த ஒரு அறிக்கையைப் பற்றிய விமர்சனம் மட்டுமல்ல. இந்த வகை அறிக்கைகள் எல்லாமே ஒரே அச்சில் வருகின்றன. முதலில் மொத்த அளவு, பிறகு கடந்த பத்தாண்டின் வளர்ச்சி விகிதம், அதிகம் விற்கும் நாடுகள், அதிகம் வாங்கும் நாடுகள், டன்னுக்குச் சராசரி விலை, கடைசியில் அடுத்த பத்தாண்டுக்கு ஒரு கோடு. சாஃப்ட்வேர்காரனுக்கு ஒரு பார்வையிலேயே தெரிந்துவிடும்: நாட்டின் பெயர் ஒரு வேரியபிள், பொருளின் பெயர் இன்னொரு வேரியபிள். ஜப்பானை எடுத்துவிட்டுப் போலந்தையும், உறைமீனை எடுத்துவிட்டு வெல்லப்பாகையும் போட்டால் அதே வாக்கியங்கள் வந்து விழும்.

டெம்ப்ளேட்டில் எழுதுவது குற்றம் இல்லை. நானே வேலையில் அதைத்தான் செய்கிறேன். இலவசமாகக் கிடைக்கும் தரவை விற்பதுகூடப் பரவாயில்லை. ஜப்பான் சுங்கத்துறை மாதவாரியாக, நாடுவாரியாக, ஒன்பது இலக்கக் குறியீடு வாரியாக எல்லாவற்றையும் இணையத்தில் கொட்டி வைத்திருக்கிறது. ஜப்பானிய மொழிதான் கொஞ்சம் தொல்லை, அதற்குக் கூலி வாங்கினால் வாங்கிவிட்டுப் போகட்டும். என் சண்டை வேறு. சுங்க அட்டவணையின் ஒரு வரியை இவர்கள் ஒரு மீன் என்று நினைத்துவிடுகிறார்கள்.

கானாங்கெளுத்தியை எடுத்துக்கொள்வோம். கன்னியாகுமரிப் பக்கம் அயலை என்பார்கள். நம் கடலில் கிடைப்பதன் வடகடல் உறவுகள்தான் இங்கே பேசப்படுபவை, ஜப்பானில் பொதுப்பெயர் 'சபா'. 2008-இல் ஆபீஸ் வேலையாகக் கவாசாகியில் எட்டு மாதம் இருந்தேன். கேன்டீனில் வாரத்துக்கு இரண்டு நாள் உப்புத் தடவிச் சுட்ட சபா போடுவார்கள். தோல் கருகி, மேலே எண்ணெய் மினுங்கி, பக்கத்தில் துருவிய முள்ளங்கி. மீன் இல்லாமல் வளராத எனக்கு அந்த ஊரில் வீட்டு ஞாபகத்தைக் கொடுத்த ஒரே சாப்பாடு அது. அசல் ஜப்பானிய மீன் என்றுதான் நினைத்திருந்தேன். ஒரு நாள் சூப்பர் மார்க்கெட்டில் அதே மீனின் துண்டை எடுத்து, கூட வந்த ஜப்பானிய சகாவிடம் லேபிளைப் படிக்கச் சொன்னேன். "நோருவே" என்றார். நார்வே! சுற்றிலும் கடல் உள்ள நாட்டில், அந்தக் கடலில் நீந்தும் மீனையே பாதி உலகம் தாண்டிப் போய் வாங்கி வருகிறார்கள்.

அப்படியானால் ஜப்பான் கடலில் பிடிபடும் சபா எங்கே போகிறது? ஒரு பகுதி உள்ளூரிலேயே விற்கிறது. ஒரு பகுதி டின்னுக்கு, ஒரு பகுதி பண்ணை மீன்களுக்குத் தீனி. இன்னொரு பெரிய பகுதி உறைய வைக்கப்பட்டு நைஜீரியா, எகிப்து, கானா, தாய்லாந்து, வியட்நாம் என்று கப்பல் ஏறுகிறது. இரண்டு ஓட்டமும் சுங்க ஏட்டில் ஒரே எண்ணில்தான் பதிவாகும்: 0303.54. உலகச் சுங்க அமைப்பின் பட்டியலில் இந்த ஆறு இலக்கத்துக்குள் மூன்று இனங்கள் அடக்கம். ஒன்று அட்லான்டிக் கானாங்கெளுத்தி, மற்ற இரண்டும் பசிபிக்கில் கிடைப்பவை. 'ஸ்காம்பர்' என்ற பேரினப் பெயர் ஒன்று என்பதால் மூன்றையும் ஒரே டப்பாவில் போட்டு மூடியாகிவிட்டது. எந்த நாட்டிலிருந்து வந்தது என்பதை வைத்துத்தான் எந்த மீன் என்று நாம் ஊகிக்க வேண்டும்.

2018 வாக்கில் ஜப்பான் ஏற்றுமதி செய்த சபாவின் விலை கிலோவுக்கு ஏறத்தாழ 100 யென். அதே காலத்தில் நார்வேயிலிருந்து வாங்கியது சுமார் இரண்டு மடங்கு விலைக்கு. குறியீடு ஒன்று, உறைநிலை ஒன்று, விலை மட்டும் இரட்டிப்பு. அறிக்கை இதைப் பார்த்துவிட்டு என்ன சொல்லும்? ஜப்பானின் ஏற்றுமதி விலை குறைவாக இருக்கிறது, மதிப்புக் கூட்டலுக்கு வாய்ப்பு உண்டு, என்று முடித்துவிடும். ஏன் குறைவு என்ற கேள்வி வராது. ஏனென்றால் விடை அந்த அட்டவணையில் இல்லை.

விடை மீனின் வயசில் இருக்கிறது. நார்வேயில் ஒவ்வொரு படகுக்கும் இவ்வளவு டன்தான் என்று பங்கு பிரித்துக் கொடுத்துவிடுகிறார்கள். பங்கு உறுதி என்பதால் முந்திக்கொண்டு ஓட வேண்டிய அவசியம் இல்லை. செப்டம்பர், அக்டோபரில் மீன் கொழுத்து வரும்வரை காத்திருந்து பிடிக்கலாம். அந்தப் பருவத்தில் மீனின் எடையில் கால் பங்குக்கும் மேல் கொழுப்பு. ஒவ்வொன்றும் 400 கிராமுக்கு மேல். அளவு பிரித்து, இருபது கிலோ அட்டைப்பெட்டியில் உறைய வைத்து அனுப்புவார்கள். சுடும்போது கேன்டீனில் நான் பார்த்த அந்த மினுக்கம் இந்தக் கொழுப்புதான்.

ஜப்பான் பக்கம் கதை நேர் எதிர். பல காலமாக அங்கே மொத்த அளவுக்கு ஓர் உச்சவரம்பு இருந்தது, ஆனால் நிஜத்தில் பிடிபடுவதைவிட அது பெரிதாகவே வைக்கப்பட்டது. அதாவது, வரம்பு இருந்தும் இல்லாத மாதிரி. நீ பிடிக்கவில்லை என்றால் பக்கத்துப் படகுக்காரன் பிடித்துவிடுவான். அதனால் முட்டையிடும் வயது வராத குஞ்சுமீனும் வலையில் ஏறும். ஒல்லியாக, கொழுப்பே இல்லாமல் இருக்கும் அந்தச் சின்ன மீனுக்கு அங்குள்ள வியாபாரிகள் வைத்திருக்கும் பெயர் 'ரோசோகு சபா', மெழுகுவர்த்திச் சபா. உள்ளூரில் அதைச் சுட்டுத் தின்ன ஆள் இல்லை. எனவே தீனிக்கும் ஆப்பிரிக்காவுக்கும்.

ஆப்பிரிக்காவுக்குப் போவதைக் கழிவை ஏற்றுமதி செய்வது என்று எழுதும் ஜப்பானிய விமர்சகர்கள் உண்டு. அந்தத் தொனி எனக்குப் பிடிக்கவில்லை. லாகோஸ் சந்தையில் உறைந்த கானாங்கெளுத்திக்கு 'டைட்டஸ்' என்று பெயர், சாதாரணக் குடும்பத்தின் குழம்பு மீன் அது. ஒருவன் ஒதுக்கும் சின்ன மீன் இன்னொருவன் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைச் சாப்பாடு. நம்மூரில் சாளையும் காரப்பொடியும் அப்படித்தானே. யார் தின்கிறார்கள் என்பதில் எனக்குப் புகார் இல்லை. இரண்டு வருடம் கழித்து இரண்டு மடங்கு எடையோடு, ஒரு தடவையாவது முட்டையிட்ட பிறகு பிடித்திருந்தால், லாகோஸுக்கும் டோக்கியோவுக்கும் சேர்த்தே மீன் இருந்திருக்கும்.

இங்கேதான் அறிக்கைகள் வெறும் சோம்பலைத் தாண்டித் தீங்கு செய்கின்றன. 2010-களில் சபா ஏற்றுமதி கூடியபோது அதை 'வளர்ச்சி' என்ற தலைப்பின் கீழ் போட்டார்கள். அரசும் அதே கண்ணாடியைத்தான் போட்டிருந்தது. 2030-க்குள் மீன்வளப் பொருள் ஏற்றுமதியை 1.2 லட்சம் கோடி யென்னாக்குவது ஜப்பானின் அதிகாரபூர்வ இலக்கு. அந்தக் கணக்கில் குஞ்சுமீனும் ஒரு யென் என்றால் ஒரு யென்தான். முதலைத் தின்பதை வருமானம் என்று எழுதும் கணக்குப்பிள்ளையை எந்த முதலாளியும் வைத்துக்கொள்ள மாட்டார். மீனில் மட்டும் அது ட்ரெண்ட் ஆகிவிடுகிறது.

2018 டிசம்பரில் ஜப்பான் தன் மீன்பிடிச் சட்டத்தை எழுபது வருடங்களில் முதல்முறையாகப் பெரிய அளவில் திருத்தி, 2020 டிசம்பரில் அமலுக்குக் கொண்டுவந்தது. மீன் இருப்பை அறிவியல் முறையில் கணித்து வரம்பு வைப்பது என்று ஒப்புக்கொண்டார்கள். கணித்துப் பார்த்தால் பசிபிக் பக்கச் சபா நினைத்ததைவிட மோசம். 2025 பருவத்துக்கான வரம்பை முந்தைய வருடத்தில் பாதிக்கும் கீழே இறக்க வேண்டிவந்தது. 1970-களின் கடைசியில் ஒரே வருடத்தில் 16 லட்சம் டன் சபா பிடித்த நாடு அது.

சரி, அப்போ நார்வேதான் நல்ல பிள்ளையா? ஜப்பானியச் சீர்திருத்தக்காரர்கள் நார்வேக்குக் கோயில் கட்டாத குறைதான். நானும் கொஞ்ச நாள் அந்தக் கட்சியில் இருந்தேன். ஆனால் வடகிழக்கு அட்லான்டிக்கில் நார்வே, பிரிட்டன், ஐரோப்பிய ஒன்றியம், ஐஸ்லாந்து, ஃபாரோ தீவுகள், ரஷ்யா எல்லோரும் ஒரே கூட்டத்தைத்தான் பிடிக்கிறார்கள். யாருக்கு எவ்வளவு என்பதில் எல்லோருக்கும் பொதுவான உடன்பாடு இல்லாமல் ஆளாளுக்குத் தன் பங்கைத் தானே அறிவித்துக்கொண்டார்கள். எல்லாவற்றையும் கூட்டினால் விஞ்ஞானிகள் சொன்ன வரம்பைத் தாண்டும். வருடா வருடம் தாண்டியது. 2019-இல் நீடித்த மீன்பிடிப்புக்கான எம்.எஸ்.சி. முத்திரையை இழந்தார்கள். 2026-க்கு சுமார் 70 சதவீதம் குறைக்கச் சொல்லி, கடலாய்வுக்கான சர்வதேசக் கவுன்சில் 2025 இலையுதிர் காலத்தில் ஆலோசனை சொல்லிவிட்டது. வீட்டுக்குள் ஒழுங்காகப் பங்கு பிரித்தவர்கள் தெருவில் சண்டை போட்டுக் கெடுத்துக்கொண்டார்கள். ஜப்பானில் நார்வே சபாவின் விலை எகிறியது. மலிவு மதியச் சாப்பாட்டுக்கடைகள் எல்லாம் அந்த மீனை நம்பி நின்றவை.

பத்தாண்டு முன்கணிப்புக் கோடுகளில் இதில் எதுவும் தென்படாது. பழைய புள்ளிகளின் வழியே ஸ்கேல் வைத்து இழுத்த கோட்டுக்கு முட்டையிடாத மீனைப் பற்றி என்ன தெரியும்?

அடுத்தது சராசரி விலை. இதை நண்பனுக்குப் புரியவைக்க ஒரு சின்னக் கணக்கு போட்டேன். எண்கள் என் கற்பனை. ஒரு நாடு 90 டன் சபாவைக் கிலோ 100 யென்னுக்கும், 10 டன் சூரையைக் கிலோ 1000 யென்னுக்கும் விற்கிறது. சராசரி 190 யென். அடுத்த வருடம் கடலில் மீன் இல்லாமல் சபா 45 டன்னாகக் குறைகிறது, மற்ற எதுவும் மாறவில்லை. இப்போது சராசரி 264. எந்த மீனின் விலையும் ஒரு யென்கூட ஏறவில்லை, கடல்தான் காலியாகியிருக்கிறது. அறிக்கையோ "ஏற்றுமதி விலை 39 சதவீதம் உயர்வு, தரமான பொருளை நோக்கி நகர்வு" என்று எழுதும். நான் பார்த்த மாதிரிப் பக்கங்களில் ஏழு இடத்தில் சராசரி விலை வருகிறது, ஓர் இடத்தில்கூட மீன்வாரியாகப் பிரிக்கவில்லை.

சூரைக்கு வருவோம், ஏனென்றால் ஜப்பான் என்றதும் எல்லோருக்கும் ஞாபகம் வருவது அதுதான். ஒவ்வொரு ஜனவரியும் டோக்கியோவின் புத்தாண்டு ஏலம் செய்தியாகும். 2019-இல் 278 கிலோ நீலத்துடுப்புச் சூரை ஒன்று 33 கோடியே 36 லட்சம் யென்னுக்குப் போனது. அது ஃப்ரெஷ் மீன், விளம்பரத்துக்காகக் கொடுத்த விலை. ஜப்பானியர் நிஜத்தில் தின்னும் சூரையில் பெரும்பகுதி உறைந்த மீன், அதுவும் சாதாரணமாக உறைந்தது இல்லை. மைனஸ் 20 டிகிரியில் வைத்தால் சூரையின் சிவப்பு நிறம் நாளடைவில் பழுப்பாகிவிடும். தசையில் உள்ள மயோகுளோபின் ஆக்சிஜனோடு சேர்ந்து நிறம் மாறுவதுதான் காரணம். கெட்டுப்போகவில்லைதான், ஆனால் பச்சையாகத் தின்ன யாரும் காசு கொடுக்க மாட்டார்கள். 1960-களில் ஜப்பானிய ஆயிரங்கால் தூண்டில் கப்பல்கள் மைனஸ் 50, 60 வரை இறங்கின. அதன் பிறகு இந்தியப் பெருங்கடலில் பிடித்த சூரையைக்கூட மாதக்கணக்கில் வைத்திருந்து டோக்கியோவில் பச்சையாக விற்க முடிந்தது. ஏலத்தில் வாலை வெட்டி, டார்ச் அடித்து, ஒரு துளி சதையை விரலில் தேய்த்துக் கொழுப்புப் பார்ப்பார்கள்.

டின்னுக்குப் போகும் சூரையும் ஃப்ரோசன், இதுவும் ஃப்ரோசன். குறியீடு இனத்தைப் பிரிக்கிறது, குளிரைப் பிரிப்பதில்லை. நாற்பது டிகிரி வித்தியாசத்தில் ஒரு முழுத் தொழிலே இருக்கிறது, தனிக் கப்பல், தனிக் கிடங்கு, தனி வாடிக்கையாளர். சுங்க ஏட்டில் அதற்குக் கட்டம் கிடையாது. இன்னொரு வேடிக்கை: ஜப்பானியக் கொடி பறக்கும் கப்பல் நடுக்கடலில் பிடித்துக் கொண்டுவந்தால் அது உள்நாட்டு உற்பத்தி. அதே கடலில் பக்கத்தில் நின்ற தைவான் கப்பல் பிடித்தது இறக்குமதி. மீனுக்கு இந்த வித்தியாசம் தெரியாது, அறிக்கைக்கும் தெரிவதில்லை.

சால்மனிலும் சபா கதையேதான். ஹொக்கைடோவின் இலையுதிர்காலச் சால்மன் உறைய வைக்கப்பட்டு, துண்டு போடுவதற்காகச் சீனா, தாய்லாந்து பக்கம் போய்க்கொண்டிருந்தது. சிலியின் பண்ணைச் சால்மன் உறைந்து ஜப்பானுக்கு வரும். இரண்டும் 0303.12.

இந்தத் தேடலில் தியோடர் பெஸ்டரின் 'ட்சுகிஜி' புத்தகத்தையும் திரும்ப எடுத்தேன். 2004-இல் வந்தது. மானுடவியலாளர், பழைய டோக்கியோ மீன் சந்தையில் பல வருடம் சுற்றி எழுதியது. அறிக்கைகள் தவறவிடும் எல்லாம் அதில் இருக்கிறது: யார் யாரிடம் கடன் வாங்குகிறார், ஏலத்தில் எந்த வரிசையில் எவர் நிற்கிறார், மீனுக்கு 'கதா' என்ற சரியான வடிவம் இருக்க வேண்டும் என்ற எதிர்பார்ப்பு எப்படி விலையாகிறது. இந்த விஷயத்தில் ஆர்வம் உள்ளவர்கள் அந்தப் புத்தகத்துக்குச் செலவழிக்கலாம். குறை ஒன்று உண்டு. சந்தையின் வாசலுக்குள் வருவதில்தான் அவருக்குக் காதல். கன்டெய்னரில் வந்து, குளிர்பதனக் கிடங்குக்குப் போய், அங்கிருந்து நேராக சூப்பர் மார்க்கெட்டுக்குப் போகும் நார்வே சபா அந்தக் காதல் கதைக்குள் வராது. ஏலமணி அடிக்காத மீனுக்கு இன்னும் ஒரு பெஸ்டர் கிடைக்கவில்லை.

இதற்கெல்லாம் நடுவே ஜப்பானியர் மீன் தின்பதே குறைந்துகொண்டிருக்கிறது. 2001-இல் ஆளுக்கு வருடம் 40.2 கிலோ, 2022-இல் 22 கிலோ. இந்த ஒரு எண்ணை வைத்து "ஜப்பான் சந்தை முடிந்தது" என்றும் சொல்லிவிடலாம், சொல்கிறார்கள். குறைவது எந்த மீன், யார் வீட்டில் என்று பிரித்துப் பார்க்காதவரை அதுவும் இன்னொரு சராசரிதான்.

இத்தனையும் எழுதி நண்பனுக்கு அனுப்பினேன். படித்துவிட்டுப் போன் பண்ணினான். "எல்லாம் சரிடா, வாங்கவா வேண்டாமா?"

அப்போதுதான் முதல் நாளே கேட்டிருக்க வேண்டிய கேள்வியைக் கேட்டேன். "உங்க ஆலையில என்ன மீன் போடுறீங்க?"

"மீன் கம்மிதான். கணவாய்தான் மெயின். அப்புறம் சுரிமிக்குப் போகலாம்னு ஒரு யோசனை."

கணவாய் 0307. சுரிமி 0304. மாதிரியின் இரண்டாம் பக்கத்தில், சின்ன எழுத்தில், இந்த அறிக்கை உள்ளடக்குவது 0303 மட்டும் என்று போட்டிருந்தது. ஃபில்லெட், அரைத்த மீன், கணவாய், இறால் எதுவும் கிடையாது. சில ஆயிரம் டாலர் கொடுத்து அவன் வாங்கியிருந்தால், அவன் விற்கப்போகும் சரக்கைப் பற்றி அதில் ஒரு வரிகூட இருந்திருக்காது. மூன்று வாரம் உட்கார்ந்து தோண்டிய நானும் அதை அதுவரை கவனிக்கவில்லை என்பதையும் எழுதிவிடுகிறேன்.

இப்போது ஜப்பான் சுங்கத் தளத்திலிருந்து 0307-க்கான சிஎஸ்வி கோப்புகளை இறக்கி வைத்திருக்கிறேன். 2017-க்கு முந்தையவை வேறு குறியீட்டில் இருக்கின்றன, இரண்டையும் ஒட்டவைக்கச் சின்னதாக ஒரு பைத்தான் நிரல் எழுத வேண்டும். அளவுவாரியான விலையை மட்டும் ஆலைக்காரரிடம் கேட்டு வாங்கி வரச் சொல்லியிருக்கிறேன். அது எந்தச் சுங்க ஏட்டிலும் கிடைக்காது.